வெளிநாட்டு க்ரைம் த்ரில்லர் ஹிந்தி டப்பிங்ல பாத்தா ஏன் இப்படி இழுக்குது?

நாக்பூர்_நாராயணி

சண்டை வந்தாலும் பரவால்ல, ரொம்ப நாளா மனசுல இருக்கறத கேட்டுடறேன். ஸ்பெயின், கொரியா, துருக்கி எந்த ஊர் க்ரைம் கதையா இருந்தாலும் ஹிந்தி ஆடியோவ தட்டிவிட்டா ராத்திரி ஒரு மணி வரைக்கும் உக்கார வைக்குது, அதே சீரியஸ இங்கிலீஷ் டப்ல போட்டா எல்லாரும் கஸ்டமர் கேர்ல இருந்து பேசற மாதிரியே இருக்கு, ஒரிஜினல்ல சப்டைட்டிலோட போட்டா அடுப்புல இருக்கறது கருகுது. தமிழ் டப் இருக்கான்னு தான் முதல்ல தேடறேன், ஆனா பாதிக்கு பாதி இருக்கறதில்ல, ஹிந்தி மட்டும் இருக்கும்.

நான் கல்யாணம் ஆகி நாக்பூர் வந்தவ. ஹிந்தி ஸ்கூல்ல படிச்சதில்ல, காய்கறிக்காரர்கிட்டயும் பக்கத்து வீட்டு ஆன்ட்டிகிட்டயும் பேசி பேசி வந்தது தான். அதனால "ஹிந்தி உங்க தாய்மொழி மாதிரி ஆயிடுச்சு, அதான்"னு யாரும் வராதீங்க.

எனக்கு புரியாதது என்னன்னா க்ரைமுக்கு மட்டும் தான் இது ஒர்க் ஆகுது. வெளிநாட்டு காமெடிய டப் பண்ணா சிரிப்பே வரல, காதல் கதைய டப் பண்ணா வேண்டாத இடத்துல எல்லாம் சிரிப்பு வருது. கொலை, கொள்ளை, கடத்தல்னா மட்டும் அந்த ஹிந்தி குரல் அப்படி ஒட்டிக்குது. மணி ஹைஸ்ட்னு ஸ்பானிஷ் சீரிஸ், 2021ல அதோட கடைசி சீசன் வந்தப்ப ஜெய்ப்பூர்ல ஒரு கம்பெனி ஸ்டாஃபுக்கு லீவே விட்டுச்சு, நியூஸ்ல வந்துச்சு ஞாபகம் இருக்கும். ஸ்பெயின் நாட்டு நோட்டு அடிக்கற ஃபேக்டரிக்குள்ள பூந்த திருடங்களுக்காக ராஜஸ்தான்ல லீவு! இதுக்கு என்ன காரணம்னு உங்களுக்கு தோணுது?

சப்டைட்டில்_சாமி

காரணம் சோம்பேறித்தனம். அவ்ளோ தான். த்ரெட்ட மூடிடலாம் :)

சரி சீரியஸா சொல்றேன். ஒரு நடிகரோட குரல எடுத்துட்டா பாதி நடிப்பு போச்சு. க்ரைம் படத்துல அது முக்கால்வாசி. பொய் சொல்றவன் எங்க மூச்சு வாங்கறான், எங்க வார்த்தைய முழுங்கறான், அத வச்சு தானே நாம இவன் தான்னு சந்தேகப்படறோம்? மெமரீஸ் ஆஃப் மர்டர் எடுத்துக்கங்க, 2003 கொரியன் படம், அதுல உள்ளூர் போலீஸ்காரனுக்கும் சியோல்ல இருந்து வந்த டிடெக்டிவுக்கும் பேச்சுலயே ஒரு இடைவெளி இருக்கு, பாதி படமே அந்த இடைவெளி தான். டப் பண்ணா ரெண்டு பேரும் ஒரே தெருக்காரங்க ஆயிடுவாங்க. அத எடுத்த டைரக்டர் பாங் ஜூன் ஹோ 2020 கோல்டன் குளோப் மேடையில சொன்னது தான், ஒரு இஞ்ச் உயர சப்டைட்டில் சுவர தாண்டிட்டீங்கன்னா எவ்வளவோ அற்புதமான படங்க கிடைக்கும்னு. ஒரு இஞ்ச் தாண்ட கஷ்டமா இருக்குன்னா நான் என்ன பண்ண.

தாராவி_தம்பி

சாமி அண்ணே வணக்கம், வந்துட்டீங்களா, உங்களுக்காக தான் வெயிட்டிங்.

அந்த ஒரு இஞ்ச் உங்களுக்கு ஒரு இஞ்ச். எங்க பில்டிங் வாட்ச்மேன் உ.பி. காரரு, ஆறாவதோட நின்னவரு, அவருக்கு இங்கிலீஷ் சப்டைட்டில்ங்கறது சுவரு இல்ல, சீனப் பெருஞ்சுவரு. 2016 செப்டம்பர்ல ஜியோ வந்துச்சு, டேட்டா சல்லிசா ஆச்சு, அதுவரைக்கும் டிவில போட்டத பாத்துட்டு இருந்தவங்க எல்லாம் கைல போன் வச்சுக்கிட்டு அவங்களா தேடி பாக்க ஆரம்பிச்சாங்க. அஞ்சரை இஞ்ச் ஸ்கிரீன்ல சப்டைட்டில் படிச்சிருக்கீங்களா? கண்ணு அவிஞ்சிடும். நைட் டியூட்டில போன சுவத்துல சாய்ச்சு வச்சுட்டு, கேட்டுல ஒரு கண்ணு, கதைல ஒரு காதுன்னு பாக்கறவருக்கு குரல் தான் படமே.

அப்புறம் அந்த ஒரிஜினல் குரல் புனிதம்ங்கற பேச்சு. நார்கோஸ் சீரிஸ் பாத்திருப்பீங்க. கொலம்பியா போதைமருந்து கடத்தல்காரன் பாப்லோ எஸ்கோபாரா நடிச்ச வாக்னர் மோரா பிரேசில்காரரு. அவரு தாய்மொழி போர்ச்சுகீஸ், இந்த ரோலுக்காக தான் ஸ்பானிஷ் கத்துக்கிட்டாரு, அவரு பேசற ஸ்பானிஷ் எங்க ஊர் பேச்சே இல்லன்னு கொலம்பியாக்காரங்க கிண்டல் பண்ணாங்க. நீங்களும் நானும் சப்டைட்டில படிச்சுட்டு ஆஹா என்ன ஒரு ஒரிஜினாலிட்டின்னு உக்காந்திருந்தோம். நமக்கு ஸ்பானிஷ் தெரியாதவரைக்கும் எல்லா ஸ்பானிஷும் ஒரிஜினல் தான் அண்ணே.

இன்னொன்னு, தமிழன் டப்பிங்க பத்தி மூக்க சுளிக்கறது தான் எனக்கு பெரிய காமெடி. 96 படத்துல ஜானுவ பாத்து அழாத ஆளு உண்டா? நடிச்சது த்ரிஷா, பேசினது சின்மயி. நயன்தாராவுக்கு எத்தனையோ படத்துல தீபா வெங்கட். நம்ம ஹீரோயின்ல பாதி பேருக்கு வருஷக்கணக்கா வேற ஆள் தான் பேசறாங்க, அப்ப எல்லாம் பாதி நடிப்பு போச்சுன்னு யாரும் சொல்லல.

சப்டைட்டில்_சாமி

த்ரிஷா கேஸ் வேற தம்பி. அங்க வாயும் தமிழ், குரலும் தமிழ். இங்க வாய் ஸ்பானிஷ்ல அசையுது, குரல் ஹிந்தில வருது. கண்ண மூடிட்டா பாக்கறது?

மைக்_முன்னாடி

இந்த பேச்சு ஓடறப்ப நான் சும்மா இருக்க முடியாது, என் பொழப்பே இது தான். சென்னைல டப்பிங் இன்ஜினியரா ஆரம்பிச்சு அப்புறம் மும்பை அந்தேரில சில வருஷம் வேலை பாத்தேன், இப்ப திரும்ப வடபழனி.

சாமி சார், வாய் அசையறது பத்தி சொன்னீங்க. க்ரைம் டப்பிங் நல்லா வர்றதுக்கு முதல் காரணமே க்ரைம் கதைல வாய் நிறைய நேரம் தெரியாது. யோசிச்சு பாருங்க. போன்ல மிரட்டல், வாக்கி டாக்கி, ரகசிய கேமரா ஃபுட்டேஜ், இருட்டு ரூம், கார்ல பின்னாடி இருந்து ஷாட், கதை சொல்ற குரல். மணி ஹைஸ்ட்ல கொள்ளைக்காரங்க பாதி நேரம் டாலி முகமூடிக்குள்ள இருக்காங்க, அவங்க தலைவர் ப்ரொஃபசர் வேற எங்கயோ உக்காந்து போன்ல பேசறாரு, டோக்கியோங்கற கொள்ளைக்காரி பின்னாடி இருந்து கதை சொல்லிட்டே போறா. கொரியன் சீரிஸ் ஸ்க்விட் கேம்ல காவலாளிங்க மொத்த பேருக்கும் முகமூடி. டப்பிங் ஸ்டூடியோவுக்கு இது லாட்டரி. லவ் சீன்ல ரெண்டு முகம் க்ளோஸ்அப்ல அசையாம நிக்கும், அங்க ப, ம மாதிரி உதடு ஒட்டற எழுத்து ஒண்ணு தப்பினா கூட பட்டுனு தெரியும். நாராயணி அக்கா காதல் டப்புக்கு சிரிப்பு வருதுன்னது இதனால தான்.

ரெண்டாவது, சத்தம். பழைய டிவி டப்பிங் எல்லாம் ஏன் கிணத்துக்குள்ள இருந்து பேசற மாதிரி இருந்துச்சுன்னா, பல படத்துக்கு எம் அண்ட் ஈ ட்ராக் ஒழுங்கா வராது. அதாவது வசனம் இல்லாம மியூசிக்கும் எஃபெக்ட்ஸும் மட்டும் தனியா இருக்கற ட்ராக். அது இல்லன்னா கதவு சத்தம், செருப்பு சத்தம், மழை எல்லாம் வசனத்தோட சேந்து போயிடும், நாம இங்க திரும்ப உண்டாக்கணும். அதுக்கு காசு யார் குடுப்பா, அதனால சப்பையா ஏதாவது போட்டு அனுப்புவாங்க. ஓடிடி வந்தப்புறம் எம் அண்ட் ஈ சுத்தமா தனித்தனியா வருது. துப்பாக்கி சத்தம், மூச்சு சத்தம், பின்னாடி ஓடற ஃபேன் சத்தம் எல்லாம் மேட்ரிட்ல ரெக்கார்ட் பண்ணது அப்படியே இருக்கும், பேச்சு மட்டும் மும்பை. த்ரில்லருக்கு பயமே அந்த சத்தத்துல தானே இருக்கு.

மூணாவது தான் எனக்கு ரொம்ப பிடிச்ச விஷயம், கொரியன் டப் பண்ணவங்க எல்லாரும் சொல்வாங்க. கொரியன்ல வினைச்சொல் கடைசில வரும், ஹிந்திலயும் அப்படித்தான், தமிழ்லயும் அப்படித்தான். "உன் தம்பிய நான் தான்..."னு இழுத்து நிறுத்தி கடைசில "கொன்னேன்"னு விழும். நடிகர் எந்த இடத்துல கண்ண விரிக்கிறாரோ கரெக்டா அந்த இடத்துல நம்ம வார்த்தையும் விழும். இங்கிலீஷ் டப்ல அந்த வார்த்தை முன்னாடியே வந்துடும், அப்புறம் நடிகர் எதுக்கோ கண்ண விரிச்சுட்டு நிப்பாரு. கூடவே மரியாதை வேற. கொரியன்ல வயசு, பதவி பாத்து பேச்சே மாறும், இங்கிலீஷ்ல எல்லாருக்கும் ஒரே யூ தான். ஹிந்தில ஆப், தும், தூன்னு மூணு படி இருக்கு. விசாரணைல இன்ஸ்பெக்டர் ஆப்ல ஆரம்பிச்சு தும்முக்கு இறங்கி கடைசில தூன்னு சட்டையப் பிடிக்கறப்ப பாக்கறவனுக்கு வயித்துல ஒரு இது ஆகும் பாருங்க, அத இங்கிலீஷ்ல எப்படி எழுதினாலும் கொண்டு வர முடியாது.

நாக்பூர்_நாராயணி

இது தான் இது தான்! இங்கிலீஷ் டப் ஏன் கஸ்டமர் கேர் மாதிரி இருந்துச்சுன்னு இப்ப புரியுது, மரியாதை ஏறவும் இல்ல இறங்கவும் இல்ல.

ஆனா மைக் அண்ணா, அப்படிப் பாத்தா தமிழ் டப்பும் அதே அளவு நல்லா இருக்கணுமே? வினைச்சொல் கடைசில தான், நீ நீங்க இருக்கு. இருந்தும் எனக்கு ஹிந்தில இருக்கற அந்த தெம்பு தமிழ்ல வரலயே.

பழையபுத்தகம்_பாலு

அம்மா, அதுக்கு நான் பதில் சொல்றேன். கொஞ்சம் நீளமா போகும், ரிட்டயர் ஆனவனுக்கு வேற வேலை இல்லைனு பொறுத்துக்கங்க. சர்வீஸ்ல பாதி காலம் ஜான்சி, இட்டார்சி, அலகாபாத்னு ரயில்வேல சுத்தினவன் நான்.

இந்த இழுப்பு ஓடிடியில இருந்து ஆரம்பிக்கலை. வடக்கே ஸ்டேஷன்ல வீலர் புக் ஸ்டால் இருக்கும் தெரியுமா, அங்க சாணித்தாள்ல அச்சடிச்ச துப்பறியும் நாவல் அடுக்கி வச்சிருப்பான். முன்னாடி உருதுல இப்னே சஃபி, 1952ல அலகாபாத்ல ஆரம்பிச்ச வரிசை, அவர் அப்புறம் பாகிஸ்தான் போயிட்டார், ஆனா புஸ்தகம் ரெண்டு பக்கமும் ஓடுச்சு, ஹிந்தியிலயும் வந்துச்சு. பின்னாடி மீரட்ல இருந்து மூட்டை மூட்டையா வந்துச்சு, வேத் பிரகாஷ் சர்மா அந்த ஊர்க்காரர் தான். சுரேந்தர் மோகன் பாதக்னு ஒருத்தர், டெல்லியில டெலிபோன் ஃபேக்டரி கம்பெனியில வேலை பாத்துக்கிட்டே எழுதினவர், இங்கிலீஷ்ல இருந்து க்ரைம் எழுத்தாளர் ஜேம்ஸ் ஹேட்லி சேஸ ஹிந்தியில மொழிபெயர்த்தவரும் அவர் தான். அதாவது அமெரிக்காவுல நடக்கற கொள்ளைய, அமெரிக்கப் பேர் உள்ள ரவுடிங்கள, ஹிந்தி பேச வச்சு செகண்ட் க்ளாஸ் பெட்டியில படிச்சுட்டு போறது அம்பது வருஷப் பழக்கம். ஜனங்களுக்கு அது அந்நியமாவே தெரியலை. கண்ணால படிச்சத இப்ப காதால கேக்கறாங்க.

பாதக்கோட 1977 நாவல் ஒண்ணு அறுபத்தஞ்சு லட்ச ரூபாய் பேங்க் கொள்ளைய பத்தினது. அத 2009ல இங்கிலீஷ்ல கொண்டு வந்தது யாருன்னு நினைக்கறீங்க? நம்ம சென்னை பிளாஃப்ட் பதிப்பகம். தமிழ் பாக்கெட் நாவல் கதைங்கள இங்கிலீஷ்ல போட்டாங்களே, அதே ஆளுங்க. இது சும்மா பெருமைக்கு சொல்றேன்.

அப்புறம் டிவியில துப்பறியும் சீரியல். 1985ல தூர்தர்ஷன்ல கரம்சந்த், 93ல பியோம்கேஷ் பக்ஷி, 98ல இருந்து இருபது வருஷம் சிஐடி. ஏசிபி பிரத்யுமன் விரல சுழட்டறதும் தயா கதவ உடைக்கறதும் கைக்குழந்தைக்கு கூட தெரியும். இத்தனை வருஷமா வீட்டுல ஓடினதுல, போலீஸ் எப்படி பேசணும், டாக்டர் பிணத்துக்கு பக்கத்துல நின்னு எப்படி பேசணும், மாட்டிக்கிட்டவன் எப்படி கெஞ்சணும்னு ஹிந்திக்காரங்க காதுல ஒரு தடம் விழுந்துடுச்சு. வக்கீல் பேச்சு, எஃப்ஐஆர் பேச்சு எல்லாம் உருதும் பாரசீகமும் கலந்தது, கத்ல் (கொலை), முஜ்ரிம் (குற்றவாளி), கவாஹ் (சாட்சி), தஃப்தீஷ் (விசாரணை)னு. 2019ல டெல்லி ஹைகோர்ட்டே எஃப்ஐஆர்ல இந்த மாதிரி கடினமான வார்த்தை வேண்டாம், புகார் குடுக்கறவனுக்கு புரியற மாதிரி எழுதுங்கன்னு போலீஸ்கிட்ட சொல்ல வேண்டி வந்துச்சு. ஆனா கதையில அந்த வார்த்தைங்களுக்கு ஒரு கனம் இருக்கு. ஸ்பெயின் போலீஸ்கார அம்மா வாயில இருந்து அது வரும்போது அவங்க ஸ்பெயின்காரி இல்லை, நமக்கு ரொம்ப நாளா தெரிஞ்ச ஆபீசர். கதை மட்டும் புதுசு. பாக்கறவன் மூளை மொழிய கவனிக்கறதுல ஒரு துளி கூட செலவாகாது, மொத்தமும் யார் கொலைகாரன்ங்கறதுல போகும். இழுப்பு அங்க இருக்கு.

குவைத்_குமரன்

பாலு ஐயா எழுதினத நாலு தடவ படிச்சேன். எங்க ரூம் கதைய சொல்றேன்.

எட்டு பேரு ஒரு ரூம். நான் தஞ்சாவூரு, ரெண்டு பேரு பீகாரு, ஒருத்தரு ராஜஸ்தான், ஒரு நேபாளி, ரெண்டு பேரு பாகிஸ்தான், ஒரு பங்களாதேஷ் தம்பி. இந்த எட்டு பேருக்கும் சேத்து என்ன படம் போடுவீங்க? ஹிந்தி படம் போட்டா பாகிஸ்தானி அண்ணன் சில சமயம் மூஞ்ச திருப்பிப்பாரு, பாகிஸ்தான் நாடகம் போட்டா பீகார்காரன் தூங்கிடுவான், தமிழ்ப் படம் போட்டா நான் மட்டும் தான் முழிச்சிருப்பேன். கொரியா த்ரில்லர் ஹிந்தில போட்டா ஒரு பய நகர மாட்டான். ஏன்னா அது யாரு ஊரும் இல்ல. கதைல யாரு கெட்டவன்னு காட்டினாலும் ரூம்ல யாருக்கும் கோவம் வராது. அந்த பேச்சு ஹிந்தியா உருதான்னு கேட்டீங்கன்னா பீகார்காரன் ஹிந்திம்பான், பாகிஸ்தானி உருதும்பாரு, அதுக்கு ஒரு சண்டை தனியா நடக்கும், படம் ஓடிக்கிட்டே இருக்கும்.

துருக்கி சீரியலும் பாக்கறோம். அதுல கொலைய விட ராத்திரி சாப்பாடு சீன் தான் ஜாஸ்தி, ஊருக்கு போன மாதிரி இருக்கு.

தாராவி_தம்பி

குமரா செம்ம. யாரு ஊரும் இல்லங்கறது பெரிய பாயிண்ட். இங்க ஒரு க்ரைம் சீரிஸ் எடுத்தா உடனே எங்க சாதிய தப்பா காட்டிட்டான், எங்க ஊர தப்பா காட்டிட்டான்னு கேஸ் போட்டுடறாங்க. கொரியாக்காரன் அவன் போலீஸ அவன் முதலாளிய அவன் கோர்ட்ட கிழி கிழின்னு கிழிக்கறான், நாம ஹாயா உக்காந்து பாக்கலாம், உள்ளுக்குள்ள நம்ம ஊரையும் நினைச்சுக்கலாம்.

துருக்கி பத்தி ஒரு துணுக்கு. 2014ல ஜிந்தகின்னு ஹிந்தி டிவி சேனல் பாகிஸ்தான் நாடகத்தோட ஆரம்பிச்சது, 2015ல அதுல துருக்கி சீரியல் ஃபெரிஹா போட்டாங்க, அப்புறம் ஃபத்மாகுல். ஃபத்மாகுல் த்ரில்லர் இல்ல, ஆனா ஒரு பொண்ணுக்கு நடந்த குற்றம், அதுக்கு அப்புறம் கோர்ட்டு வரைக்கும் அவ போறதுன்னு மொத்த கதையும் ஒரு கேஸ் தான். எங்க அம்மாவுக்கு வெளிநாட்டு டப்பிங் பழக்கம் அங்க இருந்து தான் ஒட்டிக்கிச்சு. அதுக்கப்புறம் எம்எக்ஸ் ப்ளேயர் ஆப்ல விதேசின்னு ஒரு பிரிவே ஆரம்பிச்சு ஹிந்தி, தமிழ், தெலுங்குன்னு இறக்கினாங்க.

கோவை_காலேஜ்

நான் இந்த த்ரெட்ல ரொம்ப சின்ன பையன், ஹிந்தி சுத்தமா தெரியாது, ஆனா ஹிந்தி டப் பாக்கறேன். எப்படின்னு கேப்பீங்க. முதல்ல யூட்யூப்ல தமிழ் வாய்ஸ் ஓவர் சேனல்ல இருபது நிமிஷத்துல முழு கதையும் கேட்டுடுவேன், அப்புறம் முழுப் படம் தேடினா ஹிந்தி மட்டும் தான் இருக்கும், கதை தெரிஞ்சதால புரிஞ்சிடும். பாதி ஹிந்தி வார்த்தை இப்படி தான் கத்துக்கிட்டேன். எனக்கு தெரிஞ்ச ஹிந்தி எல்லாம் கொலை, பிணம், சாட்சி, ஓடு, சுடு. டெல்லி போனா டீ வாங்க தெரியாது, வாக்குமூலம் குடுப்பேன்.

ஆனா பாலு சார், தமிழுக்கு தடம் இல்லன்ற மாதிரி சொல்றீங்களே, எங்க ஊர்லயே ராஜேஷ்குமார் இருக்காரு, எங்க பாட்டி பீரோல பாதி அவர் தான். தமிழ்ல க்ரைம் படிக்காத வீடு உண்டா?

பழையபுத்தகம்_பாலு

தடம் இல்லைனு நான் சொல்லலையே தம்பி. தமிழ்ல அது இன்னும் பழசு, நூறு வருஷத்துக்கு முன்னாடியே ஆரணி குப்புசாமி முதலியார், வடுவூர் துரைசாமி ஐயங்கார்னு இங்கிலீஷ் கதைங்கள தழுவி எழுதினவங்க இருந்தாங்க. ஆனா அவங்க பண்ணது தழுவல். ஊர் பேர், ஆள் பேர் எல்லாம் மாத்தி கதைய நம்ம ஊருக்கு கொண்டு வந்துட்டாங்க. வெளிநாட்டுக்காரன் வெளிநாட்டுக்காரனாவே இருந்துக்கிட்டு நம்ம பேச்சு பேசறது நம்ம காதுக்கு அவ்வளவா பழகலை. ஜாக்கி சான் பேசினா பழகிடுச்சு, ஏன்னா அது அடிதடி, கூடவே கிண்டல்.

மைக்_முன்னாடி

பாலு ஐயா சொன்னதோட தொழில் பக்கத்தையும் சேத்துக்கறேன். இது ஸ்டூடியோ பேர் கம்பெனி பேர் எதுவும் வேணாம், பொதுவா சொல்றேன்.

ஹிந்தி டப்பிங் தனி இண்டஸ்ட்ரியா நிமிந்தது 1994ல ஜுராசிக் பார்க் ஹிந்தில ஓடினப்புறம். அங்க இருந்து முப்பது வருஷத்துல எழுதறவங்க, டைரக்ட் பண்றவங்க, பேசறவங்கன்னு ஒரு கூட்டமே வளந்துச்சு. ராஜேஷ் கட்டர்னா அயர்ன் மேன் குரல்னு பாக்கறவனுக்கே தெரியும். பாகுபலிக்கு சரத் கேல்கர் பேசினது தனி செய்தியாவே ஓடுச்சு. நம்ம தென்னிந்திய மசாலா படங்கள ஹிந்தில டப் பண்ணி டிவிலயும் யூட்யூப்லயும் கொட்டினாங்க பாருங்க, அது தான் பெரிய பயிற்சிப் பட்டறை. சரமாரியா வேலை, சரமாரியா பழக்கம். வேற வாய்க்கு நம்ம வார்த்தைய எப்படி பொருத்தறதுன்னு ஆயிரக்கணக்கான மணி நேரம் கை பழகின ஆளுங்க கிட்ட தான் ஸ்பானிஷ் சீரிஸ் வந்து சேருது.

தமிழ்ல திறமைக்கு குறைச்சலே இல்ல, சத்தியமா சொல்றேன், குரல் எடுத்தா நம்ம ஆளுங்க அசத்துவாங்க. ஆனா பல சமயம் ஹிந்தி ஸ்கிரிப்ட வச்சு தமிழ் ஸ்கிரிப்ட் எழுதறாங்க, ஸ்பானிஷ் இங்கிலீஷாகி ஹிந்தியாகி தமிழ் ஆகறப்ப என்ன மிஞ்சும்? டைமும் கம்மியா குடுப்பாங்க. எழுதறவருக்கு இன்னொரு குழப்பம் வேற, அந்த பேங்க் மேனேஜர் மெட்ராஸ் பேச்சு பேசணுமா, செய்தி வாசிக்கற தமிழ் பேசணுமா? மெட்ராஸ் பேச்சுன்னா ராயபுரம் வந்துடும், செய்தித் தமிழ்னா "அவனை உடனடியாகக் கைது செய்யுங்கள்"னு ரேடியோ நாடகம் ஆயிடும். ஹிந்தில பாலு ஐயா சொன்ன அந்த சிஐடி பேச்சு நடுவுல ஒண்ணு ரெடியா இருக்கு, எந்த ஊரும் இல்ல, ஆனா செயற்கையாவும் இல்ல. நமக்கு அந்த நடு பேச்சு இன்னும் செட் ஆகல. ஸ்க்விட் கேம் தமிழ் கேட்டு பாருங்க, சில இடத்துல பிரமாதமா அந்த நடுவ பிடிச்சிருக்காங்க, அடுத்த சீன்ல விட்டுடறாங்க.

சப்டைட்டில்_சாமி

எல்லாரும் நல்லா எழுதறீங்க, ஒத்துக்க மாட்டேன், ஆனா நல்லா எழுதறீங்க.

என் கேள்வி இது. அவ்வளவு தான் நம்ம ஊர் காதுக்கு வேணும்னா நேரா ரீமேக் பண்ணிடலாமே? ஓரியால் பாலோ எடுத்த ஸ்பானிஷ் படம் கான்ட்ராடியெம்போ 2016, இங்க ஹிந்தி ரீமேக் பத்லா 2019. ஆணா இருந்த முக்கிய கேரக்டர டாப்ஸி ஆக்கி, வக்கீல அமிதாப் ஆக்கி, சுத்தமா நம்ம ஊர் ஆளுங்க. தெலுங்குல எவரு, இத்தாலில ஒண்ணு, கொரியால ஒண்ணு. அதே ஆளோட தி பாடிய ஹிந்தில ஜீத்து ஜோசஃப் எடுத்தாரு, மிராஜ துபாராவா அனுராக் கஷ்யப் எடுத்தாரு. வாயும் குரலும் ஒண்ணா அசையும், நிம்மதி.

நாக்பூர்_நாராயணி

சாமி சார், பத்லா எனக்கு பிடிச்ச படம், அத குறை சொல்ல மாட்டேன். ஆனா ரீமேக் பண்றப்ப ஒண்ணு காணாம போகும். சிக்னல்னு கொரியன் சீரிஸ் 2016ல வந்துச்சு, வாக்கி டாக்கில பழைய காலத்து போலீஸ்காரரும் இப்ப உள்ளவரும் பேசிக்கறது. அதுக்கு அடியில இருக்கற கோவமே அந்த நாட்டு சட்டம் தான். கொலை நடந்து குறிப்பிட்ட வருஷம் ஆயிட்டா கொலைகாரன தொடவே முடியாதுன்னு அங்க ஒரு காலக்கெடு இருந்துச்சு, 2015ல தான் கொலைக்கு அத எடுத்தாங்க. மெமரீஸ் ஆஃப் மர்டருக்கு அடிப்படையான ஹ்வாசொங் கொலைங்களும் அதே கதி தான். 86ல இருந்து 91 வரைக்கும் நடந்தது, 2006ல காலக்கெடு முடிஞ்சு போச்சு, 2019ல டிஎன்ஏ வச்சு ஆள கண்டுபிடிச்சாங்க, அவன் ஏற்கனவே வேற ஒரு கொலைக்காக ஜெயில்ல இருக்கான், இந்த கேஸ்ல எதுவும் பண்ண முடியல.

நம்ம நாட்டுல கொலைக்கு அப்படி காலக்கெடுவே கிடையாது. சிக்னல ஜீ5ல 2024ல க்யாரா க்யாரான்னு உத்தராகண்ட்ல வச்சு எடுத்தாங்க, நல்லா தான் எடுத்தாங்க, ஆனா அந்த சட்டம் தர்ற பதட்டம் இந்த மண்ணுல முளைக்காது. டப்புல பாத்தா கொரியா கொரியாவாவே இருக்கும், அவன் சட்டம், அவன் சாப்பாடு, அவன் குனிஞ்சு கும்பிடறது எல்லாம் அப்படியே இருக்கும், பேச்சு மட்டும் நமக்கு புரியும். பக்கத்து வீட்டு ஆன்ட்டி பாத்துட்டு என்னைக் கேட்டாங்க, "நம்ம ஊர்லயும் இப்படி வருஷம் முடிஞ்சா விட்டுடுவாங்களா?"ன்னு. ரீமேக்ல பாத்திருந்தா அந்த கேள்வி வந்திருக்காது.

தாராவி_தம்பி

அக்கா ஒரே அடி 🔥

எதிர்ப்பக்கமும் நடந்திருக்கு. மலையாள த்ரிஷ்யம் 2019ல சீனால ரீமேக் ஆச்சு, தியேட்டர்ல நல்லா ஓடுச்சு. அங்க டப் பண்ணி நம்ம ஹீரோ ஜார்ஜ்குட்டியவே சீன மொழி பேச விட்டிருந்தா எப்படி இருந்திருக்கும்னு யோசிக்கறேன். கேபிள் டிவி ஆபீஸ், போலீஸ் ஸ்டேஷன் எல்லாம் அவங்க அப்படியே பாத்திருப்பாங்க.

குவைத்_குமரன்

அதெல்லாம் சரி, எங்க ரூம்ல மணி ஹைஸ்ட் ரெண்டு தடவ முடிஞ்சுது. இப்ப புதுசா எதாவது சொல்லுங்க. ரத்தம் கொஞ்சம் கம்மியா இருந்தா நல்லது, நேபாளி தம்பி பயந்துக்கறான்.

மைக்_முன்னாடி

குமரன், கொரியன்ல ஃபிளவர் ஆஃப் ஈவில் பாருங்க, 2020. போலீஸ்காரிக்கு தன் புருஷன் மேலயே சந்தேகம் வர்ற கதை. ஹிந்தில துரங்கான்னு எடுத்தது இத தான். ஒரிஜினலுக்கு ஹிந்தி ஆடியோ உங்க ஊர்ல காட்டுதான்னு மட்டும் பாத்துக்கங்க, நாட்டுக்கு நாடு ஆடியோ லிஸ்ட் மாறும், இங்க இருக்கறது அங்க இருக்காது. ஹெட்போன் இல்லாம எட்டு பேர் ஸ்பீக்கர்ல கேக்கறதா இருந்தா ஆடியோல 5.1 வேணாம், ஸ்டீரியோ போடுங்க. சின்ன ஸ்பீக்கர்ல 5.1 போட்டா வசனம் முணுமுணுக்கும், வெடி மட்டும் காத கிழிக்கும்.

சப்டைட்டில்_சாமி

நான் ஒரே ஒரு நிபந்தனையோட வர்றேன். விசாரணை ரூம் சீன் வர்றப்ப மட்டும் ஆடியோவ ஒரிஜினலுக்கு மாத்தி ஒரு தடவ கேளுங்க, அப்புறம் ஹிந்திக்கு போயிக்கங்க. மைக் சொன்ன மரியாதை ஏறி இறங்கறது எல்லாம் சரி, ஆனா மெமரீஸ் ஆஃப் மர்டர்ல நடிகர் சாங் காங் ஹோ "சாப்பிட்டியா"ன்னு கேக்கறத அவர் வாயால கேக்காம செத்துடாதீங்க.

கோவை_காலேஜ்

சாமி அண்ணே நீங்களே பாதி டப்புக்கு வந்துட்டீங்க 😂

நான் இன்னும் பத்லாவும் பாக்கல, அந்த ஸ்பானிஷும் பாக்கல. எத முதல்ல பாக்கலாம்?

குவைத்_குமரன்

தம்பி எத வேணா பாரு, கடைசில அந்த வக்கீலு யாருன்னு தெரியறப்ப தலை சுத்திரும், அது வந்து உண்மையில [மட்டுறுத்துநர் குறிப்பு: இந்தப் பதிவின் மீதிப் பகுதி மறைக்கப்பட்டுள்ளது]

கோவை_காலேஜ்

அண்ணேஏஏஏ மறைக்கறதுக்கு முன்னாடியே படிச்சுட்டேன்

தாராவி_தம்பி

குமரா, அந்த எட்டு பேரையும் கூப்பிட்டு உன்ன ரூம விட்டு வெளிய போட சொல்றேன் இரு.